கிழித்துக் கொடுத்த பக்கங்கள்

எனக்கு ஒன்பது வயதில், மேற்கு ஜெர்மனியில் வுப்பர்டால் என்ற நகரத்தில் நாங்கள் அகதி விடுதியில் இருந்தபோது, அப்பாவுக்கு ஒரு இங்கிலாந்து நாவலாசிரியை பழக்கமானார். நூலகத்தின் அழைப்பில் ஆறு மாதம் தங்கி எழுத வந்தவர். தபால்காரரின் மகள், ஆஸ்பத்திரியில் தாதியாக வேலை செய்துகொண்டே நான்கு நாவல்கள் எழுதியவர். எல்லாம் அப்பா சொன்னதுதான். ஊரில் ஆங்கிலம் படிப்பித்த அப்பாவுக்கு இங்கே வேலை செய்ய அனுமதி கிடையாது. ஆங்கிலத்தில் பேச ஒரு ஆள் கிடைத்ததும் மனிதருக்கு முதுகு நிமிர்ந்துவிட்டது. ஞாயிறுகளில் சவரம் செய்து, இருந்த ஒரேயொரு கோட்டைப் போட்டுக்கொண்டு அவரைப் பார்க்கப் போவார்.

ஒரு ஞாயிறு திரும்பி வந்து, "எங்கடை கதையைத்தான் அவ எழுதப் போறா," என்றார். கிழக்குப் பேர்லினில் விமானத்தால் இறங்கியது, அங்கிருந்து ரயிலில் மேற்கே வந்தது, ஒன்றையும் விடாமல் சொல்லியிருந்தார். ரொட்டிக்கு மா குழைத்துக்கொண்டிருந்த அம்மாவின் கை நின்றது.

"எங்களைக் கூட்டிக்கொண்டு வந்த அண்ணையின்ரை பேரையும் சொன்னியளோ?"

"ஓம். அவ கதை எழுதுற மனிசி. பொலிஸே?"

"எழுதினதைப் பொலிஸ் வாசிக்கமாட்டினமோ?"

அந்த அண்ணை எங்களைப் போலப் பலரைக் களவாக எல்லை தாண்டிக் கூட்டிவந்தவர். அவருடைய அகதி விண்ணப்பத்துக்கே இன்னும் முடிவு வரவில்லை. பெயர் வெளியே வந்தால் அவரைப் பிடித்துத் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

"சொன்னதைத் திருப்பிக் கேக்க எனக்கு ஏலாது," என்று அப்பா படுத்துவிட்டார். அம்மா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள், நான் பள்ளிக்கூடத்தால் வந்ததும் என்னைக் கையில் பிடித்துக்கொண்டு நாவலாசிரியையைப் பார்க்கக் கிளம்பிவிட்டார். அம்மாவுக்கு ஆங்கிலம் வராது. எனக்கு ஜெர்மன் வரும். நாவலாசிரியைக்கும் ஏறக்குறைய என் அளவுக்கு வரும். அம்மா தமிழில் நிறையச் சொன்னார். நான் ஜெர்மனில் கொஞ்சமாகச் சொன்னேன்: அம்மா பயப்படுகிறா, எங்களைக் கூட்டிவந்த மாமா நல்லவர், தயவுசெய்து எழுதாதீர்கள்.

நாவலாசிரியை பச்சை அட்டைக் கொப்பி ஒன்றை எடுத்தார். பக்கம் பக்கமாகப் பென்சிலில் பொடி எழுத்து. இருபது பக்கமாவது இருக்கும்; ஒவ்வொன்றாகக் கிழித்தார். கேட்டது ஒன்றே ஒன்று: அந்த மாமா பத்திரமாக இருக்கிறாரா?

"ஓம், இருக்கிறார் எண்டு சொல்லு," என்றார் அம்மா.

தாள்களை மடித்து அம்மாவின் கையில் வைத்துவிட்டு அப்பிள் கேக் வெட்டினார். அம்மா இரண்டு துண்டு சாப்பிட்டார். திரும்பும் வழியில், வாய்விட்டுச் சிரித்தபடி என்னோடு கதைத்துக்கொண்டு வந்தார்.

தாள்களை எரிக்கும் முன் அப்பா வாங்கி வாசித்தார். "நல்லாத்தான் எழுதியிருக்கிறா," என்று மெல்லச் சொல்லி, நெருப்பில் தானே போட்டார்.

அந்த அண்ணைக்கு இப்போது பேரப்பிள்ளைகள் இருக்கிறார்கள். நாவலாசிரியை பெரிய பரிசுகளெல்லாம் வாங்கிவிட்டார். அவருடைய எல்லா நாவல்களையும் தேடி வாசித்துவிட்டேன். ஒன்றிலும் நாங்கள் இல்லை. எழுத வந்த நாவலை எழுதாமலேயே அந்தமுறை ஊர் திரும்பினார் என்று அப்பா பல வருடம் கழித்துத்தான் சொன்னார். இவ்வளவு சுலபமாகக் கிழித்துக் கொடுக்கிறாரே, வேண்டாத தாள்களாக்கும் என்றுதான் அன்றைக்கு நான் நினைத்தேன்.