மூன்றாம் எதிரி

காசோலை பணமில்லாமல் திரும்பி, அதைக் கொடுத்தது ஒரு கம்பெனியாகவும் இருந்தால், குற்றம் நடந்த சமயத்தில் கம்பெனியின் தொழிலை நடத்தி, அதற்குப் பொறுப்பாகவும் இருந்தவர்களே கம்பெனியோடு சேர்ந்து தண்டனைக்குரியவர்கள். மாற்றுமுறை ஆவணச் சட்டம், பிரிவு 141. இயக்குநர் என்ற பெயர் மட்டும் இருந்தால் போதாது என்று மேல் நீதிமன்றங்களும் சொல்லியிருக்கின்றன.

இவ்வளவும் எனக்குத் தெரியும். தெரிந்து என்ன? 2006-ல் ராமநாதபுரம் நீதிமன்றத்தில் ஒரு காசோலை வழக்கில் நான் மூன்றாம் எதிரி. முதல் எதிரி வாலிநோக்கத்து உப்பு கம்பெனி ஒன்று. இரண்டாம் எதிரி அதை நடத்திய என் தம்பி மகன்.

எங்கள் பக்கம் கல்யாணப் பத்திரிகையில் பெரியப்பா பேர் இல்லையென்றால் கல்யாணத்துக்கே மரியாதை இல்லை. பேர் போட யாரும் சம்மதம் கேட்பதில்லை. போட்ட பேரை எடுக்கச் சொன்னால் அது பங்காளிச் சண்டை. தம்பி மகன் உப்பளத்தைக் குத்தகைக்கு எடுத்து, பிரைவேட் லிமிடெட் பதிவு செய்யக் கிளம்பியபோது ஒரு தாம்பூலத் தட்டோடு வந்தான். வெற்றிலைக்கும் வாழைப்பழத்துக்கும் நடுவே விண்ணப்பத் தாள்கள் இருந்தன.

“குறைஞ்சது ரெண்டு டைரக்டர் வேணுமாம் பெரியப்பா. நீங்க ஒண்ணும் செய்ய வேணாம். பேரு மட்டும் இருக்கட்டும்.”

பிறர் கையெழுத்தைச் சந்தேகிப்பதற்காகவே அரசாங்கத்திடம் சம்பளம் வாங்கி, வட்டாட்சியராக ஓய்வு பெற்றவன் நான். தட்டை வாங்கிக்கொண்டு, அவன் விரல் வைத்த இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன்.

பிறகு ஒருநாள், நான் போகாத ஒரு கூட்டத்தில் நான் முன்மொழிந்த தீர்மானம் ஒன்றைப் படிக்க நேர்ந்தது. நல்ல தீர்மானம்தான். அன்றே ராஜினாமா எழுதிக் கொடுத்து, எனக்குப் பதிலாக அவன் மனைவியைச் சேர்த்துக்கொள்ளச் சொன்னேன். கம்பெனி அதை முப்பது நாளுக்குள் படிவம் 32-ல் கம்பெனிப் பதிவாளருக்குத் தெரிவித்திருக்க வேண்டும். தம்பி மகன் தெரிவிக்கவில்லை. பெரியப்பா பேரை எடுத்தால் குடும்பத்துக்குள் சண்டை என்று ஊர் பேசுமே என்று, கடிதத்தை மேசைக்குள் வைத்துவிட்டான்.

சம்மன் கொண்டுவந்த ஏட்டு எனக்குப் பழக்கமானவர்.

“அய்யா, ஒரு சின்னக் கையெழுத்து.”

“எதுக்குய்யா? சாட்சியா?”

“இல்லீங்கய்யா. நீங்கதான் எதிரி.”

ராஜினாமாவுக்கு ஒன்றரை வருஷம் கழித்து, பெரியபட்டினத்தில் சாக்கு வியாபாரம் செய்யும் ஒரு பாய்க்கு என் தம்பி மகன் கொடுத்த காசோலை திரும்பியிருந்தது. வக்கீல் என் ராஜினாமா நகலை முன்னும் பின்னும் பார்த்தார்.

“சார், பதிவாளர் ஆபீஸ் கணக்குல நீங்க இன்னும் டைரக்டர்தான். ராஜினாமா உங்க வீட்டு பீரோவுல மட்டும்தான் செல்லும். வழக்கை ரத்து செய்ய மதுரை ஹைகோர்ட்டுக்குப் போகலாம், நாளாகும். இங்கயே நடத்துனாலும் நாளாகும்.”

தண்டனை இரண்டு வருஷம் வரை. அது ஒருபுறம் இருக்க, ஓய்வூதியம் என்பது நன்னடத்தைக்கு உட்பட்டது. தண்டனை பெற்றவனின் ஓய்வூதியத்தில் கை வைக்க அரசாங்கத்துக்கு அதிகாரம் உண்டு. எனக்கும் மனைவிக்கும் வேறு வருமானம் இல்லை.

ஜாமீன் எடுத்த மறுவாரம் பெரியபட்டினத்துக்குப் பஸ் ஏறினேன். பாய் கடையில் இருந்தார், பக்கத்தில் வளர்ந்த மகன்.

“வாங்க தாசில்தார். பணம் கொண்டாந்தீகளா, சட்டம் கொண்டாந்தீகளா?”

“சட்டம்தான் பாய்.”

“அது எங்க வக்கீல்கிட்டயும் இருக்கு. அவரு சொல்றாரு, பெரியவர விட்றாதீக, மானத்துக்குப் பயந்து கட்டிருவாருன்னு.”

“அத்தா, அத எதுக்கு அவர்ட்டயே சொல்றீக?” என்றான் மகன்.

“அவருக்கும் தெரியட்டுமேடா. ஏன் தாசில்தார், கம்பெனிய நீங்கதான் நடத்துனீகளா?”

“இல்ல.”

“அப்பறம் எதுக்கு டைரக்டரு?”

“கல்யாணப் பத்திரிகையில பேரு போடுவாங்கள்ல பாய், அந்த மாதிரி.”

பாய் சத்தமாகச் சிரித்தார். “பத்திரிகையில பேரு போட்டா மொய்யாச்சும் செய்யணும்ல?”

சிரித்து முடித்து, டீ சொல்லிவிட்டு, தணிந்த குரலில் சொன்னார்: “நான் கடனுக்குச் சாக்குக் குடுத்ததே உங்க பேரப் பாத்துத்தான். தாசில்தார் இருக்காரு, ஓடிப்போக மாட்டாகன்னு.”

பிரிவு 141-ல் இந்தக் கணக்கு இல்லை. டீயைக் குடித்தேன்.

“போய்ட்டு வாங்க. உங்கள விடுறதா வேணாமான்னு யோசிச்சு எழுதுறேன்” என்றார்.

மூன்று வாய்தா போனது. ஒவ்வொரு முறையும் டவாலி என் பேரைத் தெருவுக்கே கேட்கும்படி கூப்பிட்டார். நான் உள்ளே போய் நின்றேன். பாயின் வக்கீல் என்னைப் பார்த்து அன்பாகத் தலையசைத்தார், கட்டப்போகிற ஆளைப் பார்ப்பது போல. கடிதம் வரவில்லை. நகைகளை என்ன விலைக்குக் கேட்பார்கள் என்று மனைவி பேச்சுவாக்கில் விசாரித்து வைத்திருந்தாள்.

பிறகு வந்தது. முழுத்தாள் நிறையச் சாய்ந்த எழுத்து. பாய் தானே வாலிநோக்கம் போய், உப்பளத்தில் விசாரித்திருக்கிறார். கூலி கொடுத்தது யார், லாரி பிடித்தது யார், செக் எழுதியது யார் என்று ஒவ்வொருவரிடமும் கேட்டிருக்கிறார். எல்லோரும் தம்பி மகனைத்தான் சொன்னார்களாம். “உங்களைப் பார்த்ததாக ஒருவரும் சொல்லவில்லை. உப்பு வாரும் ஒரு பொம்பளை மட்டும், ‘திறப்பு விழா அன்னைக்கு மாலையைப் போட்டுக்கிட்டு வெயில்ல தூங்குனாரே, அவரா?’ என்று கேட்டது. தூங்கினவர் மேல் வழக்கு நடத்த எனக்கு மனசில்லை. உங்கள் ஒருவர் மேல் மட்டும் வழக்கை வாபஸ் வாங்க வக்கீலிடம் சொல்லிவிட்டேன். அவருக்குக் கோபம்தான். உங்கள் தம்பி மகனை நான் விடுவதாக இல்லை.”

குற்றவியல் நடைமுறைச் சட்டம் 257-ன்படி அடுத்த வாய்தாவில் மனுப் போட்டார்கள். நடுவர் அனுமதித்தார். நான் வெளியே வந்தேன்.

பாய் கையில் இருந்த ஒரே பிடி நான்தான். என்னை விட்டால் பணம் வருவது கஷ்டம் என்று தெரிந்தே விட்டார். கம்பெனியை நடத்தியது யார் என்றுதான் சட்டம் கேட்கச் சொல்கிறது. அதை விசாரிக்க உப்பளம் வரை போனவர், பணத்தைப் பறிகொடுத்த அந்த ஒருவர்தான். இன்றும் மாதம் முதல் தேதி ஓய்வூதியம் வாங்கும்போது அவரை நினைத்துக்கொள்கிறேன். வேண்டுதல்களில் எனக்கு நம்பிக்கை குறைவு. அவர் நன்றாக இருக்க வேண்டும் என்பதை மட்டும் விட்டதில்லை.

கடிதம் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தது 2007 மார்ச் 12, திங்கட்கிழமை.