மாப்பிள்ளையைக் கடித்த உண்ணி

ஆஸ்திரேலியாவிலிருந்து லீவில் வந்த என் மாமா, வீட்டுக்குள் காலெடுத்து வைத்ததும் முதலில் செய்த காரியம், எங்கள் நாயைப் பார்த்துப் பிளாஸ்டிக் நாற்காலி மேல் ஏறி நின்றதுதான். அப்போது எனக்குப் பதினொரு வயது.

நாய் பாவம், அவரை அடையாளம் கண்டு வாலை ஆட்டிக்கொண்டு ஓடி வந்தது. வெள்ளை உடம்பும் ரோஸ் மூக்குமாக, எங்கள் ராஜபாளையத்தின் பெயரையே வைத்துக்கொண்டிருக்கும் சாதி நாய். குட்டியாக இருக்கும்போது தளவாய்புரத்திலிருந்து சட்டைக்குள் பொதிந்து அதைக் கொண்டுவந்தவரே மாமாதான். வெளிநாடு போவதற்கு முன்னால் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அதை மடியில் போட்டு, காது மடலை விரித்து, உண்ணிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கி மண்ணெண்ணெய் ஊற்றிய சிரட்டையில் போடுவார். கொழுத்த உண்ணி கிடைத்தால் கல்லில் வைத்து நசுக்குவார். டப்பென்று ஒரு சத்தம் வரும். அந்தச் சத்தத்துக்காகவே நான் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். அப்பேர்ப்பட்டவர் இப்போது நாற்காலி மேல் நின்றுகொண்டு, "அக்கா, மொதல்ல அதப் பிடிச்சுக் கட்டு. உண்ணி இருக்கும்" என்று கத்தினார்.

"உண்ணி இல்லாத நாயி எந்த ஊர்லலே இருக்கு? எறங்கு கீழ, சேரு ஒடஞ்சிரும்" என்றாள் அம்மா.

நாயைக் கட்டிய பிறகுதான் இறங்கினார். இறங்கி, என் அப்பாவிடம் காரணத்தைச் சொன்னார். அவர் இருக்கும் ஊரில், கடலோரக் காட்டுப் பக்கமெல்லாம், ஒரு தினுசான உண்ணி இருக்கிறதாம்.

"பாக்க நெல்லுமணி தண்டிதான் இருக்கும் அத்தான். நாயக் கடிச்சா மூணு நாலு நாள்ல பின்னங்காலு ரெண்டும் தள்ளாடும். கொரைக்கிற சத்தமே மாறிரும். கண்டுக்காம விட்டா மூச்சு நின்னு செத்துரும்."

அப்பா மில்லில் பஞ்சுப் பேல் தூக்குகிறவர். எதையும் தூக்கிப் பார்க்காமல் எடையை நம்பமாட்டார். "நம்ம உண்ணி கடிச்சா நாயி சொறியும். அம்புட்டுதான். நீ சொல்றது உண்ணியா, நல்லபாம்பா மாப்ள?"

"நெசமாத்தான் அத்தான். அங்க உள்ளவுக தெனமும் நாய ஒக்கார வச்சு, அரிசியில கல்லு பாக்குற மாதிரி உடம்பு பூராத் தடவிப் பாப்பாக. மனுசனக் கடிச்சாலும் வெடுக்குனு பிடுங்கக் கூடாது. ஐஸு மாதிரி ஒரு ஸ்பிரே இருக்கு. அத அடிச்சு, கடிச்ச எடத்துலயே வெறைக்க வச்சுச் சாவடிச்சுட்டுத்தான் எடுக்கணும்."

"உண்ணிக்கு ஐசு வைக்காகளாம்ட்டி!" என்று அப்பா அடுப்படியைப் பார்த்துச் சொல்ல, அம்மா அங்கிருந்தே சிரித்தாள். அது அவள் அன்றைக்குச் சிரித்த கடைசிச் சிரிப்பு. ஏனென்றால் அடுத்து மாமாவுக்குச் சோறு போட்டாள். மூன்று வருடம் கழித்து வந்த தம்பிக்காகக் காலையிலேயே ஒரு கிலோ ஆட்டுக்கறி எடுத்துக் குழம்பு வைத்திருந்தாள். மாமா தட்டை மெல்லத் தள்ளி வைத்தார்.

"அக்கா, நான் கறி திங்கக் கூடாது."

"ஏன், மாலை போட்டிருக்கியா?"

"உண்ணி கடிச்சிருச்சு."

அவருடைய வீட்டுக்குப் பின்னால் புதர் வெட்டும்போது முழங்காலுக்குப் பின்புறம் கடித்ததாம். கடித்தது மறந்தே போய், சில மாதம் கழித்து ஒரு மத்தியானம் மட்டன் பிரியாணி தின்றிருக்கிறார். சாயங்காலம் உடம்பெல்லாம் தடித்து, உதடு வீங்கி, மூச்சு இழுத்து, ஆம்புலன்ஸில் போட்டுக் கொண்டுபோயிருக்கிறார்கள். ஆடு, மாடு, பன்றி எதுவும் இனி ஆகாது என்று டாக்டர் எழுதிக் கொடுத்துவிட்டார். அவசரத்துக்குக் குத்திக்கொள்ள, பேனா மாதிரி ஒரு ஊசி எப்போதும் சட்டைப் பையில் இருந்தது.

கல்லூரிக்குப் போன பிறகு நான் இதைத் தேடிப் படித்தேன். மாமா சொன்னது அத்தனையும் உண்மை. அந்த உண்ணி கடித்த சிலருக்கு, ஆடு மாடு போன்ற பிராணிகளின் இறைச்சியில் உள்ள ஒரு சர்க்கரைப் பொருளை உடம்பு எதிரி என்று முடிவுகட்டிவிடுகிறது. கறி தின்று சில மணி நேரம் கழித்துத்தான் சண்டை தொடங்குகிறது. ஆனால் எங்கள் குடும்பத்தில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். நான் தாண்டுவதற்கு இன்னும் ஐந்து வருடம் இருந்தது. அதுவரை இதை எடுத்துச் சொல்ல எங்களுக்கு நாதியில்லை.

அம்மா அழுதாள். "எவளோ ஒரு சைவக்காரி அங்கன இவன மயக்கிட்டா" என்றாள். ஊசியைக் காட்டியும், அதன் மேல் இருந்த இங்கிலீஷை நான் எழுத்துக் கூட்டி வாசித்துக் காட்டியும்தான் ஒருவழியாக நம்பினாள். நம்பியதும் முன்னைவிடப் பலமாக அழுதாள். காரணம், வருகிற ஞாயிற்றுக்கிழமை சோழபுரத்தில் மாமாவுக்கு நிச்சயம்.

பெண்ணை அதற்கு முன்பே மடவார் வளாகத்துக் கோயிலில் வைத்து அப்பாவும் அம்மாவும் பார்த்திருந்தார்கள். மாமா போன் வழியாகப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். எனக்கு கேம் விளையாட போனைத் தரும்போதெல்லாம் அந்தப் பெண்ணின் படத்தை மூடிவிட்டுத்தான் தருவார். முப்பத்திரண்டு வயதில் தட்டிப்போன இடங்கள் மூன்று. இந்த இடம் அமைந்தால் போதும் என்று இருந்தார்.

பெண்ணின் அப்பா, பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்று விவசாயம் பார்ப்பவர். எங்கள் பக்கத்தில் சம்மதம் முடிவாகாமல் பெண் வீட்டில் கை நனைக்கமாட்டார்கள். கை நனைத்துவிட்டால் பேச்சு முடிந்தது என்று அர்த்தம். அவர் வீட்டில் இதற்கு மேல் ஒரு படி உண்டு. நிச்சயத்துக்கென்று வளர்த்த கிடாயை வெட்டி, அதன் ஈரலை மாமனார் தன் கையால் மாப்பிள்ளை இலையில் வைப்பார். அதை மாப்பிள்ளை வாயில் போட்ட பிறகுதான் பந்தியில் மற்றவர்கள் இலையைத் தொடலாம்.

"சொல்லிருவோம்க்கா" என்றார் மாமா.

"என்னன்னு சொல்ல? மாப்பிள்ளைக்குச் சீக்கு, சட்டப் பையில ஊசி வச்சிருக்கான்னா? எவன் பொண்ணு குடுப்பான்? கல்யாணம் முடியட்டும், பொறவு சொல்லிக்கிடலாம்."

அம்மா ஒரு திட்டம் போட்டாள். மாப்பிள்ளைக்குப் பக்கத்து இலையில் நான். மாமா ஈரலை எடுத்து வாயருகே கொண்டுபோய், இருமி, குனிந்து, கையை என் பக்கம் இறக்குவார். நான் அதை வாங்கி வாயில் போட்டுவிட வேண்டும். இட்லித் துண்டை வைத்து இரண்டு நாள் பழகினோம். எட்டுத் தடவையில் ஆறு தடவை சரியாக வந்தது. மற்ற இரண்டு தடவை நாய் முந்திக்கொண்டது.

ஞாயிற்றுக்கிழமை ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா ஐந்து கிலோவோடு வேனில் போய் இறங்கினோம். தட்டு மாற்றி, பூ வைத்து, எல்லாம் நன்றாகவே நடந்தது. பந்தல் நிறைய இலை போட்டார்கள். அறுபது பேர் இருப்போம். பட்டாளத்துக்காரர் தூக்குச் சட்டியோடு வந்து ஈரலை மாமாவின் இலையில் வைத்தார்.

இட்லித் துண்டு அளவை நினைத்துக்கொண்டு வந்த எனக்கு அங்கேயே பாதி உயிர் போய்விட்டது. என் உள்ளங்கையைவிடப் பெரிய ஒரே துண்டு.

வைத்துவிட்டுப் போவார் என்று பார்த்தால், சட்டியும் கையுமாக எதிரிலேயே நின்றுகொண்டார். மாமா ஈரலை எடுத்தார். இருமினார். "மாப்ளைக்குத் தண்ணி" என்றார் அவர். தண்ணீர் வந்தது. மாமா மறுபடி இருமினார். இன்னொரு டம்ளர் வந்தது. மூன்றாவது இருமலுக்கு, "வெந்நி கொண்டாங்கலே, எத்தன தரம் சொல்ல!" என்று அவர் அடுப்படிப் பக்கம் திரும்பிய அந்த நொடியில் ஈரல் என் கைக்கு வந்தது. நான் அப்படியே வாய்க்குள் தள்ளினேன்.

அவர் திரும்பினார். மாமாவின் கையும் காலி, வாயும் காலி. பக்கத்தில் நான் இரண்டு கன்னமும் புடைக்கக் கண்ணில் நீர் வழிய உட்கார்ந்திருக்கிறேன்.

"ஏலே, ஒன் எலையில நான் ஈரலே வைக்கலையே?"

வாய் நிறைய இருந்ததால் பதில் சொல்ல முடியவில்லை. அவர் காத்திருந்தார். நான் மென்றேன். அறுபது பேரும் நான் மெல்வதைப் பார்த்தார்கள். அம்மா தூரத்திலிருந்து கண்ணாலேயே என்னவோ சொன்னாள். மென்று முடித்ததும், பெரியவர்கள் கேட்டால் உண்மை சொல்ல வேண்டும் என்று பள்ளிக்கூடத்தில் கற்றபடி எழுந்து நின்று, கைகட்டிச் சொன்னேன்.

"எங்க மாமாவ உண்ணி கடிச்சிருச்சு. கறி தின்னா செத்துருவாக."

கடைசி இலையிலிருந்து ஒருவர், "நாயுண்ணியா, மாட்டுண்ணியா?" என்று கேட்டார்.

பட்டாளத்துக்காரர் முகம் சிவந்துவிட்டது. "என்னைய அட்ட கடிச்சிருக்கு, தேளு கொட்டியிருக்கு. மறுநாளே கறி தின்னுருக்கேன். உண்ணி கடிச்சுக் கறி திங்காத ஆள இப்பத்தான் பாக்கேன். பொண்ணு பிடிக்கலன்னா நேராச் சொல்லணும். என் வீட்டுல கை நனைக்கப் பிடிக்காம சின்னப் பயலுக்கு ஊட்டி விட்டுட்டு, உண்ணி கிண்ணின்னு கத விடப்பிடாது."

என் அப்பா எழுந்தார். நான்கு நாளாக அந்த உண்ணியைக் கேலி செய்துகொண்டிருந்தவர், இப்போது அதற்கு வக்கீலானார். "சம்பந்தி, அது ஆஸ்திரேலியா உண்ணி. சாதாரணமா நெனைக்காதீக. எருமையே சாஞ்சுரும். அங்க அதுக்கு ஐசுதான் வைக்காக."

"ஐசு!" என்றார் பட்டாளத்துக்காரர். ஆட்கள் சிலர் இலையைவிட்டு எழ ஆரம்பித்தார்கள். அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

மாமா சட்டைப் பையிலிருந்து ஊசியை எடுத்து அப்பாவின் கையில் கொடுத்தார்.

"அத்தான், மூஞ்சி வீங்குச்சுன்னா இதத் தொடையில ஓங்கிக் குத்துங்க. வேட்டிக்கு மேலயே குத்தலாம்." பிறகு பட்டாளத்துக்காரரைப் பார்த்து, "பொண்ணு பிடிக்கலன்னு மட்டும் சொல்லாதீக. கொண்டாங்க, தின்னுருதேன்" என்று சொல்லி, அவர் வைத்திருந்த தூக்குச் சட்டிக்குள் தானே கையை விட்டு ஒரு துண்டு கறியை எடுத்தார். குழம்பு வேட்டியில் சொட்டியது.

"அதக் கீழ வைங்க."

அடுப்படி நிலையில் பட்டுச்சேலையோடு நின்றுகொண்டிருந்தது அந்தப் பெண். நிச்சயத்தன்று பெண் பந்திக்கு எதிரே வந்து பேசுவதை அந்த ஊர் அதுவரை பார்த்ததில்லை என்பது, எழுந்தவர்கள் எல்லாரும் பேசாமல் உட்கார்ந்ததிலிருந்து தெரிந்தது.

"கோழி திங்கலாமா?" என்று கேட்டது.

மாமா கறித் துண்டோடு அப்படியே அந்தப் பக்கம் திரும்பினார். "கோழி... திங்கலாம். மீனு, முட்டை எல்லாம் திங்கலாம்."

"அப்பா, அந்தச் செவலச் சேவலப் பிடிங்க."

"ஏட்டி, அது—"

"பிடிங்கப்பா. எல்லாரும் பசியோட இருக்காக."

பட்டாளத்துக்காரர் மகளைப் பார்த்தார், ஊசியைப் பார்த்தார், மாமாவின் கையிலிருந்த கறித் துண்டைப் பார்த்தார். சட்டியைக் கீழே வைத்துவிட்டு வேட்டியை மடித்துக் கட்டினார். அடுத்த அரை மணி நேரம் சோழபுரத்தில் ஒரு போரே நடந்தது. அவர் இளவட்டங்களை இரண்டாகப் பிரித்து, ஒரு அணியை வைக்கோல் படப்புக்கும் இன்னொன்றைத் தொழுவத்துக்கும் அனுப்பினார். சேவல் இரண்டு அணிக்கும் நடுவே புகுந்து மோட்டார் ரூம் கூரையில் ஏறிக்கொண்டது. அவரே ஏணி வைத்து ஏறினார். அதற்கு மேல் அறுத்து, கழுவி, வேக வைக்க ஒரு மணி நேரத்துக்கும் மேல் ஆனது. மாப்பிள்ளை வாயில் வைக்காமல் யாரும் தொடக் கூடாது என்பதால், ஆட்டுக்கறிக் குழம்பு ஆறி ஏடு கட்டிக்கொண்டிருக்க, அறுபது பேரும் இலைக்கு முன்னால் வெறுமனே உட்கார்ந்திருந்தோம். ஈரல் தின்ற ஒரே ஆள் நான் என்பதால் எல்லாரும் என்னையே முறைத்தார்கள்.

கடைசியில் அவர் கோழி ஈரலைக் கொண்டுவந்து வைத்தார். புளியங்கொட்டை அளவு இருந்தது. மாமா அதை வாயில் போட்டார். அறுபது கைகள் ஒரே நேரத்தில் சோற்றில் இறங்கின.

வேனில் திரும்பும்போது அம்மா என் தொடையை இரண்டு முறை கிள்ளினாள். "கல்யாணத்த ஆவணியிலயே வச்சுக்கிடலாம்னு சம்பந்தி சொல்லிட்டாரே, பிள்ளைய விடு" என்றார் அப்பா. ஊசியை இன்னும் கையிலேயே ஓங்கிப் பிடித்திருந்தார். மாமா மட்டும் எதிலும் கலந்துகொள்ளாமல் ஜன்னலோரம் உட்கார்ந்து, சோழபுரத்திலிருந்து ராஜபாளையம் வரைக்கும் தனியாகச் சிரித்துக்கொண்டே வந்தார். எனக்கு அது பெரிய குழப்பமாக இருந்தது. அந்தச் சேவல் கிழட்டுச் சேவல். அரைகுறையாக வெந்தது. ரப்பரை மெல்லுவதுபோல இருந்தது என்று எனக்குத் தெரியும். நானும் ஒரு கால் தின்றிருந்தேன். அதைப் போய் ஒரு மனுஷர் இப்படி நினைத்து நினைத்துச் சிரிக்கிறாரே, ஆஸ்திரேலியாவில் நல்ல கோழிகூடக் கிடைக்காது போலிருக்கிறது என்று எண்ணி, நான் அவருக்காக மிகவும் வருத்தப்பட்டேன்.