குப்பன் என்று நான் நிரப்பிய கட்டம்

வேங்கிக்காலில் அந்த ஜெராக்ஸ் கடைக்குள் நுழைந்தாலே ஒரு வாடை அடிக்கும். சூடான காகிதமும் மையும் கலந்த வாடை. இருபத்தைந்து வருஷத்துக்கு முன்னால், டிகிரி முடித்த கையோடு அங்கே வேலைக்குச் சேர்ந்தேன். கலெக்டர் ஆபீசுக்கு மனு கொண்டுபோகிறவர்களுக்கு ஃபாரம் நிரப்பிக் கொடுப்பது என் வேலை. நாள் முழுக்க அடுத்தவர் பேரை எழுதிக்கொண்டிருப்பேன்...

ஒருநாள் சுரேஷ் வந்தான். அடி அண்ணாமலைக்காரன், என்னோடு பத்தாவது வரை படித்தவன். பாஸ்போர்ட் எடுக்கணும், துபாய் போகணும் என்றான்.

பேர் என்ற கட்டத்தில் சுரேஷ் என்று எழுதினேன். அடுத்த கட்டம் சர்நேம். குடும்பப் பேர்.

நமக்கு ஏது குடும்பப் பேர்? அப்பா பேரின் முதல் எழுத்து, பிறகு நம் பேர், அவ்வளவுதான். எங்கள் முஸ்லிம் வீடுகளிலும் அப்படித்தான். வடக்கே, வெளிநாட்டில் எல்லாம் பாட்டன் முப்பாட்டன் பேர் கூடவே வரும். நமக்கு ஒரு தலைமுறைக்கு மேல் எந்தப் பேரும் தங்குவதில்லை. அதனால் அந்தக் கட்டத்தில் அப்பா பேரை எழுதிவிடுவது எங்கள் கடை வழக்கம்.

"அத மட்டும் போடாத ஷமீம். வெறும் K போட்டுடேன்" என்றான்.

அவன் அப்பா பேர் குப்பன். பள்ளிக்கூடத்தில் வம்பிழுக்க வேண்டுமென்றால் அப்பா பேரைச் சொல்லித்தானே கூப்பிடுவார்கள்... அட்டெண்டன்ஸ் நோட்டில் எவனோ அந்தப் பேரைப் பார்த்த நாளிலிருந்து சுரேஷ் "குப்பா" ஆகிவிட்டான். அவன் அழுததைப் பார்த்திருக்கிறேன். நானும் சேர்ந்து சிரித்திருக்கிறேன். இப்போது நினைத்தால் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

அந்தப் பேர் சும்மா வைத்ததில்லை. குப்பன் ஐயாவுக்கு முன்னால் பிறந்த மூன்றும் தங்கவில்லை. நாலாவதாக இவர் பிறந்ததும் குப்பைமேட்டில் கிடத்திவிட்டு வந்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரி போய் எடுக்க, அவளிடம் ஒரு முறம் தவிடு கொடுத்துத் திரும்ப வாங்கியிருக்கிறார்கள். குப்பை என்றால் எமன் தொடமாட்டானாம்.

எங்கள் வீட்டில் என் பெரியத்தா, அத்தாவின் அண்ணன், பேர் பக்கிரி. பிச்சைக்காரன் என்று அர்த்தம். காரணம் அதேதான். பிள்ளையைப் பறிகொடுத்தவர்களின் பயம் எந்த மதத்திலும் ஒன்றுதான்.

"வெறும் எழுத்து போட்டா விசாவுல இழுத்தடிப்பாங்க. அங்க யாருக்கு அர்த்தம் தெரியப்போவுது?" என்று சொல்லி எழுதிவிட்டேன். KUPPAN.

அர்த்தம் யாருக்கும் தெரியவில்லைதான். ஆனால் அங்கே பின்னால் இருக்கும் பேரைத்தான் கூப்பிட்டார்கள். கடைக்கு ஒருமுறை போன் செய்தபோது சொன்னான்.

"எந்தப் பேருக்கு பயந்தனோ அதே பேருதான் ஷமீம் இங்க. ஒருத்தன்கூட சுரேஷ்னு கூப்பிடல. எங்கப்பாகிட்ட சொல்லிடாத, மனசு நோவும்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவன் போய் இரண்டு வருஷம் இருக்கும். ஒரு காலை, குப்பன் ஐயா கடைக்குள் வந்தார். வாயெல்லாம் சிரிப்பு.

"இன்னா கூத்து பாரும்மா. காலைல ஒரு போனு. குப்பன் செத்துட்டாரு, வீட்ல ஆம்பளைங்க யாராச்சும் இருக்காங்களானு கேக்கறான். நாந்தான்யா குப்பன், உசுரோடதான் கீறேன்னேன். அப்பறம் இன்னாவோ பேசனான், அரைகுறைத் தமிழு, புரியல, வச்சுட்டேன். ஊரே சிரிக்குது. உனக்கு ஆயுசு கெட்டிங்கறாங்க."

கடையில் இருந்த எல்லாருக்கும் டீ சொன்னார்.

அவர் செல்போனை வாங்கிப் பார்த்தேன். வெளிநாட்டு எண். கடைக்குப் பின்பக்கம் போய் அந்த எண்ணைக் கூப்பிட்டேன். சுரேஷுக்குத் தூக்கத்திலேயே மாரடைப்பாம். காலையில் எழுப்பப் போனவர்கள்தான் பார்த்திருக்கிறார்கள்.

திரும்பி வந்தபோது டீ வந்திருந்தது. அவர் ஊதி ஊதிக் குடித்துக்கொண்டிருந்தார். குடித்து முடிக்கும்வரை நான் வாயைத் திறக்கவில்லை. அவ்வளவு நேரமாவது சிரித்துக்கொண்டிருக்கட்டும் என்று விட்டேன்... அது சரியா தப்பா என்று இன்றுவரை தெரியவில்லை.

பிறகு சொன்னேன். அங்கே அவனுக்கு என்ன பேர் என்பதையும், அதை எழுதியது நான்தான் என்பதையும் சேர்த்தே சொன்னேன்.

அவர் அழவில்லை. என்னைத் திட்டவுமில்லை.

"எமன் அண்டக்கூடாதுனு வச்ச பேரும்மா அது" என்றார். "எம்புள்ளைக்காச்சும் நல்ல பேரா இருக்கட்டும்னுதான் சுரேஷ்னு வச்சேன்."

பெட்டி வந்துசேர மூன்று வாரம் ஆனது. மேலே ஒட்டியிருந்த இங்கிலீஷை என்னைப் படிக்கச் சொன்னார். அதிலும் குப்பன்தான் முதலில் இருந்தது. படித்தேன். ஒருமுறைக்கு மேல் முடியவில்லை.

இப்போது அந்தக் கடை என்னுடையது. ஃபாரம் போய் ஸ்கிரீன் வந்துவிட்டது. பிள்ளைக்குப் பேர் பதிய வருகிறவர்கள் நியூமராலஜி பார்த்து என்னென்னவோ பேர் கொண்டுவருகிறார்கள். அர்த்தம் கேட்டால் கூகுளில் பார்க்கணும் என்கிறார்கள். குப்பனும் பக்கிரியும் யாருக்கும் வேண்டாம். நல்லதுதான். அவ்வளவு பிள்ளைகள் இப்போது சாவதில்லை.

போன வாரம் குப்பன் ஐயா வந்தார். எண்பதை நெருங்கிவிட்டார். கூடவே பேத்தி, சுரேஷின் மகள். சுரேஷ் விமானம் ஏறும்போது கைக்குழந்தை, இப்போது நர்சிங் முடித்திருக்கிறாள். வெளிநாட்டில் வேலையாம், பாஸ்போர்ட் எடுக்கணுமாம்.

அந்தக் கட்டம் வந்ததும் என் விரல் நின்றுவிட்டது.

"இத காலியா விட்டுடலாங்கய்யா" என்றேன். "ஒண்ணும் ஆவாது, நான் பாத்துக்கறேன்."

அவர் ஸ்கிரீனில் அந்தக் கட்டத்தை விரலால் தொட்டுக் காட்டினார்.

"வேணாம்மா. அவ அப்பன் பேரயே போடு. அங்க பின்னாடி பேரத்தானே கூப்புடுவாங்க? சுரேஷு சுரேஷுனு கூப்புடட்டும். அவன அங்க ஒருத்தரும் அவன் பேரச் சொல்லிக் கூப்புடவே இல்லியே."

SURESH என்று அடித்தேன். சரியாக இருக்கிறதா என்று பேத்தியைப் படித்துப் பார்க்கச் சொன்னேன். படித்தாள்.

பெரியவர் இன்னொரு முறை படிக்கச் சொன்னார்.