எக்கோ போடாத இறுவட்டு

தங்கச்சியின் முதல் இறுவட்டு, முதல் பாட்டு சீடி, என்று எல்லோரும் சொல்வது 2006 இல் வந்ததைத்தான். கணக்காகப் பார்த்தால் அது இரண்டாவது. அவள் பாடிய கல்யாண இசைக்குழு அதற்கு முன்பே ஒன்று வெளியிட்டிருந்தது. அதிலும் அவள் பாடிய பாட்டுகள் உண்டு. இப்போதெல்லாம் நான் யாரையும் திருத்துவதில்லை. அவள் பெயர் மட்டும் அட்டையில் இருந்த முதலாவது அதுதான். ஒலிப்பதிவு முந்தைய குளிர்காலத்தில் முடிந்துவிட்டது. வெளியீடு, கால்பந்து உலகக் கிண்ணம் முடிந்து, நாங்கள் இருந்த ஜேர்மன் நகரமான டோர்ட்மண்டின் வீட்டுப் பல்கனிகளில் கழற்ற மறந்த கொடிகள் நிறம் மங்கித் தொங்கிய இலையுதிர்காலத்தில்.

வாரநாட்களில் அவள் ஒரு பல் வைத்தியரிடம் உதவியாளராக வேலை செய்தாள். சனிக்கிழமைகளில் கல்யாண வீடுகளில் சினிமாப் பாட்டுப் பாடினாள். நன்றாகவே பாடினாள். பாடி இறங்கினால் யாராவது வந்து, "அப்படியே கசற்றில கேட்ட மாதிரி இருந்தது பிள்ளை" என்பார்கள். எங்கள் ஈழத்தமிழ்ச் சனத்திடம் அதைவிடப் பெரிய பாராட்டு இல்லை. இசைக்குழு நடத்திய அண்ணை ஒரு படி மேலே போய், ஒரு பெரிய பின்னணிப் பாடகியின் பெயரைச் சொல்லி, அதற்கு முன்னால் 'ஜேர்மனியின்' என்று சேர்த்துத்தான் இவளை மேடைக்கு அழைப்பார். முதல் இரண்டு வருடம் சிரித்துக்கொண்டு ஏறினாள். பிறகு சிரிக்காமல் ஏறினாள்.

ஒருநாள் அவள் சொன்னாள், தான் ஒரு இறுவட்டு செய்யப்போவதாகவும், அதில் சினிமாப் பாட்டு ஒன்றும் இருக்காது என்றும். பழைய மேல்நாட்டு இசைநாடகங்களின் மேடைப் பாட்டுகள், அவற்றோடு பல தலைமுறையாக எல்லோரும் பாடிவரும் ஆங்கிலப் பாட்டுகள், ஜேர்மன் பாட்டு இரண்டு. பள்ளிக்கூடத்தில் இசைநாடகம் போட்டபோது கூட்டத்தில் ஒருத்தியாக நின்று அவள் கற்றுக்கொண்டவை.

"ஏன் இந்தப் பாட்டுகள்?" என்று கேட்டேன்.

"அண்ணா, இதுகளை நூறு பேர் நூறு விதமாப் பாடியிருக்கினம். இதுதான் சரியான குரல் எண்டு ஒண்டு இல்லை. நூற்றியோராவதா நான் பாடினால் ஆர் என்ன சொல்ல ஏலும்?"

ஒலிப்பதிவுக் கூடம் நகரின் வடக்கே ஒரு பின்முற்றத்தில், பழைய தச்சுப்பட்டறை ஒன்றில் இருந்தது. காரில் கூட்டிப்போவது என் பொறுப்பு. முதல் நாள் ஒரு பாட்டைப் பாடி முடித்து, காதில் மாட்டிய ஹெட்போன் வழியே அதைக் கேட்டவள், பாதியிலேயே கழற்றிவிட்டாள். கருவியில் ஏதோ பழுது என்று நினைத்திருக்கிறாள். பழுது இல்லை. ஒலிப்பதிவு செய்த ஜேர்மன்காரர் குரலை எதிரொலிக்க வைக்கும் எக்கோ எதுவும் போடவில்லை, அவ்வளவுதான். கல்யாண மேடைகளில் எக்கோ இல்லாமல் எங்கள் ஆட்கள் 'ஹலோ' கூடச் சொல்வதில்லை. இத்தனை வருடம் பாடியும் தன் வெறும் குரலை அவள் அன்றுதான் கேட்டாள்.

"இது நானோ?" என்றாள். "பல்லுச் செட்டைக் கழட்டின ஆள் கதைக்கிற மாதிரிக் கிடக்கு."

அடுத்த கிழமை போகமாட்டேன் என்றாள். போனாள். குளிர்காலம் முடியும்போது அந்தக் குரல் அவளுக்குப் பழகியிருந்தது. ஆனால் வேறு யாரும் இன்னும் அதைக் கேட்கவில்லை.

எங்களிடையே இறுவட்டு என்றால் வெளியீட்டு விழா இல்லாமல் முடியாது. மங்கல விளக்கு, போரில் இறந்தவர்களுக்கு மௌன வணக்கம், வெளியீட்டுரை. பிறகு பெயர் வாசிக்க வாசிக்க ஆட்கள் வந்து சிறப்புப் பிரதி வாங்கிப் படத்துக்கு நிற்பார்கள். கடைசியில் மதிப்பீட்டுரை. அது பெரும்பாலும் என் தலையில் விழும், எந்தப் பாட்டு எந்த வருடம் என்று சொல்லக்கூடியவன் என்ற பெயர் எனக்கு இருந்ததால். இந்தப் பாட்டுகளுக்காக நூலகத்தில் பல மாலைகள் இருந்தேன். ஒவ்வொன்றும் முதலில் எந்த மேடையில், யார் குரலில் வந்தது, பின்னர் யார் யார் பாடினார்கள் என்று எழுதி வைத்திருந்தேன்.

விழாவுக்கு முதல் நாள் அவள் சொன்னாள்: "நாளைக்கு ஆராவது ஒருத்தர் 'ஆரைப்போல' எண்டு வாயெடுத்தால், இதோட விடுறன். பிறகு கல்யாணப் பாட்டு மட்டும்தான்." விளையாட்டுக்குச் சொல்லவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. என் உரை முழுவதும் 'ஆரைப்போல' தான் என்பதைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை.

விழாவுக்கு எடுத்த தேவாலய மண்டபம் நிறைந்திருந்தது. ஒலி அமைப்பு இசைக்குழு அண்ணையின் கையில்.

"அண்ணை, எக்கோவை நிப்பாட்டுங்கோ" என்றாள் இவள்.

"குறைச்சு விடுறன்."

"குறைக்க வேண்டாம். முழுசா நிப்பாட்டுங்கோ."

"உமக்கென்ன விசரோ பிள்ளை? எக்கோ இல்லாட்டிச் சனம் அதைப் பாட்டெண்டே நம்பாது. அறிவித்தல் வாசிக்கிற மாதிரி இருக்கும்."

"இருக்கட்டும்."

"பிறகு என்னைக் குறை சொல்லக்கூடாது, சொல்லிப்போட்டன்" என்று ஒரு குமிழைத் திருகினார்.

பியானோ மட்டும் பின்னால் ஒலிக்க அவள் பாடினாள். மெதுவான பாட்டு. முதல் வரியில் நாலைந்து பேர் திரும்பி ஒலிபெருக்கியைப் பார்த்தார்கள், வயர் அறுந்துவிட்டதோ என்று. அவள் மூச்சு இழுப்பது கூடக் கேட்டது. இரண்டாவது சரணத்தில் பின்வரிசைப் பேச்சு நின்றது. பிள்ளைகள் மட்டும் ஓடித்திரிந்தார்கள். முடிந்ததும் ஒரு கணம் யாரும் கை தட்டவில்லை. பாட்டு முடிந்துவிட்டதா என்று தெரியாமல்தான். பிறகு தட்டினார்கள், கொஞ்ச நேரம் நிறுத்தாமல்.

இசைக்குழு அண்ணை மேடையோரத்துக்கு வந்தார். "நல்லாயிருக்கு பிள்ளை. இதின்ரை ஒரிஜினல் ஆர் பாடினது?"

இவள் மைக்கைப் பிடித்தபடி நின்றாள். அவள் பயந்த கேள்வி இதுதான்.

முன்வரிசையில் இருந்த ஒரு அக்கா முந்திக்கொண்டார். "இதென்ன கேள்வி? கண்ணுக்கு முன்னால இப்பத்தானே இந்தப் பிள்ளை பாடினது."

"அதில்லை அக்கா, முதல் பாடின ஆள்..."

"அவள்தான் பாடினவள் எண்டுறன். ஆரின்ரையோ பாட்டைப் பாடினால் எங்களுக்குத் தெரியாதே? நாங்கள் ஒருத்தரும் இதை முன்னம் கேட்டதில்லை. என்ன, ஓமோ?"

பக்கத்தில் இருந்தவர்கள் ஓம் என்றார்கள். அவர்கள் சொன்னது உண்மை. அந்த மண்டபத்தில் ஒருவர்கூட அந்தப் பாட்டை வேறொரு குரலில் கேட்டதில்லை. நூறு பேர் பாடிய பாட்டைத் தேடி எடுத்து, அதில் ஒருவரையும் தெரியாத சபையின் முன்னால் வந்து நின்றிருக்கிறாள். இது எங்கள் இருவருக்கும் அதுவரை தோன்றவே இல்லை.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். தாள்களோடு எழுந்து போனேன். இவை பழைய மேடைப் பாட்டுகள், உலகத்தில் பலர் பாடியவை என்று சொன்னேன். அதைச் சொல்லாமல் விடுவது சரியில்லை. அதற்குமேல் எந்தப் பெயரும் சொல்லவில்லை. குளிர்காலத்தில், ஒரு தச்சுப்பட்டறையில், அவள் தன் குரலைக் கேட்டு இனி வரமாட்டேன் என்றதையும் திரும்பி வந்ததையும் சொன்னேன். நான் பேசியதிலேயே மிகக் குறுகிய உரை அது. சபைக்கும் ஆறுதலாகத்தான் இருந்திருக்கும். சிற்றுண்டிக்குப் பொரித்த ரோல்ஸ் சூடாக வந்துகொண்டிருந்தது.

இசைக்குழு அண்ணை தட்டோடு அவளிடம் வந்தார். "வாற சனிக்கிழமை கல்யாணத்தில இதையும் ஒருக்கால் பாடுமன். ஆனா எக்கோ கொஞ்சமாவது..."

"ஏலாது அண்ணை."

"சரி சரி, சாப்பிடும்."

அவள் மூன்றாவது ரோல்ஸை எடுத்தாள். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிட்டிருக்கவில்லை.

வீட்டுக்குத் திரும்பும்போது பொழுது படத் தொடங்கியிருந்தது. காரில் சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலை மடித்து உட்கார்ந்தாள். "அடுத்ததைத் தமிழிலை செய்வம் அண்ணா. ஒருத்தரும் இன்னும் பாடாத பாட்டா" என்றாள். எழுத ஆள் வேண்டுமே, எப்போது தொடங்குவது என்று கேட்கத் திரும்பினேன். சிவப்பு விளக்கில் நின்றிருந்தோம். அவள் வாயைத் திறந்தபடி தூங்கிப் போயிருந்தாள்.