ஒன்பது வினாடி நடை

வீட்டிலும் தெருவிலும் அவளுக்கு அக்கா என்றுதான் பெயர். பல் டாக்டரின் கிளினிக்கில் இருபத்தாறு வருடம் டோக்கன் கொடுத்தாள். அதற்கு முன்னால் இரண்டே வருடம் நடிகை. நடித்தது ஐந்து படம், ஐந்திலும் பேய். தயாரிப்பாளருக்குச் சொந்தமாகப் பெயிண்ட் கடை இருந்ததால் ரத்தத்துக்குப் பஞ்சமில்லை. முகத்தில் அப்பிய மாவு காய்ந்து உதிர்ந்தால், "விடும்மா, செத்தவதானே" என்பார் இயக்குநர்.

நான்காவது படத்தில் பேய் முதுகைக் காட்டிக்கொண்டு மாடிப்படி ஏற வேண்டும். அதற்காக முன்னொன்றும் பின்னொன்றுமாகக் கண்ணாடி வைத்து ஒரு மாதம் நடந்து பழகினாள். படப்பிடிப்பன்று காலையில் மாவு ஒத்துக்கொள்ளாமல் முகம் வீங்கிவிட்டது. ஐஸ் ஒத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். துணைக்கு வந்திருந்த தங்கையிடம் கேமராமேன், "லைட் பாக்கணும்மா, அக்கா கவுனைப் போட்டுக்கிட்டு ஒரு தடவை ஏறிக் காட்டு" என்றார். அக்காவின் செருப்பு தங்கைக்கு ஒரு சைஸ் சின்னது. விரல்களைச் சுருட்டிக்கொண்டு, படிக்குப் படி நின்று நின்று ஏறினாள். கேமரா ஓடியது அவளுக்குத் தெரியாது.

மாலையில் அக்காவும் ஏறினாள். பிசகில்லாமல்தான் ஏறினாள். இயக்குநர் பிறகு இரண்டையும் போட்டுப் பார்த்துவிட்டுத் தங்கையின் ஒன்பது வினாடியை வைத்துக்கொண்டார்.

"நீ நடந்தா நடிக்கற மாதிரி இருக்கு. அவ நடந்தா செத்த மாதிரியே இருக்கு."

அக்காவுக்குக் கிடைத்த விளக்கம் அவ்வளவுதான். தங்கையிடம் யாரும் சொல்லவில்லை. பேய்ப் படம் என்றாலே போர்வைக்குள் புகுந்துகொள்கிறவள், அக்காவின் ஒரு படத்தைக்கூடப் பார்த்ததில்லை. அந்தத் தைரியத்தில் முப்பது வருடம் ஓடியது. ஆனாலும் தங்கை சமையலறையிலிருந்து வாசலுக்குப் போனால்கூட அக்காவின் கண் அவள் காலுக்குப் போகும். "ஏன்டி தரையைத் தேச்சுக்கிட்டே நடக்கறே?" என்று எரிந்து விழுவாள். தங்கை பாவம், நாலு எட்டு தூக்கித் தூக்கி வைப்பாள்.

இப்போது அந்தப் பழைய படங்களைத் தேடிப் பிடித்துத் தலையில் வைத்துக் கூத்தாட ஒரு கூட்டம் கிளம்பியிருந்தது. அந்த முதுகை அச்சடித்த பனியனோடு ஒரு தாடிக்காரர் வீட்டுக்கே வந்துவிட்டார்.

"மேடம், அந்த நடைக்காகவே நாப்பது தடவை பாத்திருக்கேன். எப்படிப் பழகினீங்க?"

"ஒரு மாசம். ரெண்டு கண்ணாடி வெச்சு."

அதில் பொய் எதுவும் இல்லை.

சனிக்கிழமை பகல் காட்சிக்குச் சிறப்பு விருந்தினராக அழைத்தார். "நானும் வரேங்க்கா" என்றாள் தங்கை.

"வேண்டாம், பயந்துக்குவே."

"உன்னைத்தான் தினமும் பாக்கறேனே. அதைவிடவா?"

அரங்கில் படிக்கட்டுக் காட்சி வந்ததும் அத்தனை பேரும் எழுந்து கை தட்டினார்கள். விரலிடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டிருந்த தங்கை கையை இறக்கினாள். அக்கா திரையை விட்டுவிட்டு அவள் முகத்தைப் பார்த்தாள். கண்டுபிடித்துவிட்டாளோ?

"அக்கா, அது நீயா?"

தங்கை தன் முதுகைத் தானே எங்கே பார்த்திருக்கப் போகிறாள்?

"பின்னே யாரு?"

"அடேயப்பா! எனக்கெல்லாம் ஏழு ஜென்மம் எடுத்தாலும் இப்படி வராதுக்கா."

எழுந்து நின்று, கண் கலங்க, எல்லோரையும்விட உரக்கக் கை தட்டினாள். அந்த முகத்தில் பொறாமை மருந்துக்கும் இல்லை. அதைத்தான் அக்காவால் பொறுக்க முடியவில்லை.

"போதும், உக்காருடி. எல்லாரும் உன்னையே பாக்கறாங்க" என்று கையைப் பிடித்து இழுத்தாள்.