கால்வாய்க்குள் எட்டு மனைகள்

நகரமைப்புப் பிரிவில் எனக்கு சர்வேயர் வேலை. இன்று காலை அளவுச் சங்கிலியைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு, தாமல் கிராமத்துக்குப் போகும் வழியில் ஒரு புது மனைப்பிரிவைப் பார்வையிடப் போனேன்.

மனை விற்பவர் நீட்டிய வரைபடத்தில் எட்டு மனைகள், ஏரிக்குத் தண்ணீர் போகும் கால்வாய்க்குள்ளேயே இருந்தன.

"அது காஞ்சுபோன பள்ளம் சார். கையெழுத்தப் போடுங்க, மேல பேசியாச்சு" என்றார். அவருடைய ஆட்கள் இருவர் என் சைக்கிளை ஒட்டி வந்து நின்றார்கள்.

பள்ளத்துக்கு அந்தப் பக்கம் குடியிருக்கும் கன்னியம்மா, நடவு வேலைக்குக் கிளம்பியவர், இறங்கி வந்து நடுவில் நின்றுகொண்டார்.

"மழ பெஞ்சா இந்த வழியாதான் தண்ணி வந்துக்கினு இருக்குது சார். இத்த மூடிட்டா எங்க வூட்டுக்குள்ள பூந்துடும். நீங்களே வந்து பாருங்க."

போய்ப் பார்த்தேன். கால்வாய் திறந்திருக்கும்போதே, போன மழையில் தண்ணீர் நின்ற கறை அவர் வீட்டு மண்சுவரில் முழங்கால் உயரத்துக்கு இருந்தது. குழந்தையின் தூளி அதைவிடத் தாழ்வாகத் தொங்கியது.

திரும்பி வந்தேன். வரைபடத்தின் குறுக்கே, "கால்வாய். மனை கூடாது" என்று எழுதிக் கையெழுத்திட்டேன்.

விற்பவர் குரலை உயர்த்தவில்லை. "எந்த ஊருக்கு மாத்தல் வேணும்னு சொல்லிடுங்க சார்" என்றார்.

அதனால்தான் உங்களிடம் கேட்கிறேன். ஏரியை இன்னும் மிச்சம் வைத்திருக்கும் ஊர் எது?