பக்கத்து மாவட்டத்துக்கு வரவேற்கும் பலகை

நான் கார் ஓட்ட, அப்பா பக்கத்தில் இருந்தார். ஜெர்மனியின் கொலோன் நகருக்கு வெளியே உழுத வயலொன்றைக் கடக்கும்போது ஈரமண்ணும் டீசல் புகையும் கலந்த வாசம் ஜன்னல் வழியே வந்தது. எனக்கு மறுபடி ஒன்பது வயதாகிவிட்டது.

அப்போது அப்பா ஸ்டொக் கார் பந்தயக்காரர். அறுவடை முடிந்த வயலில் பழைய கார்களை ஓட்டி, மற்றவரை இடித்துத் தள்ளிக்கொண்டு முந்துகிற பந்தயம் அது. கதவுகளை வெல்டிங் செய்து மூடியிருப்பார்கள். அப்பா ஜன்னலால்தான் உள்ளே ஏறுவார். அதற்கு முன் அம்மா அவருடைய சட்டைப் பைக்குள் மாதா படமொன்றை வைத்துவிடுவார். எங்கள் மாவட்டத்தில் அப்பாவை முந்த ஆளில்லை.

இறுதிப் போட்டி பக்கத்து மாவட்டத்தில் வந்தது. 'அன்ட்ராக்' என்று நாங்கள் சொல்லும் அகதி விண்ணப்பம் முடிவாகாததால் மாவட்டத்தைத் தாண்ட எங்களுக்கு அனுமதியில்லை. எல்லையில் வேலியும் இல்லை, காவலும் இல்லை, ஒரு பலகை மட்டும் நின்றது.

"பத்து நிமிசம்தானே, ஒருக்காப் போட்டு வாங்கோவன்" என்றார் அம்மா.

"ஏலாது. பிடிபட்டா எங்கட அன்ட்ராக் நாசமாப் போயிடும்" என்றார் அப்பா.

அப்பா ஓட்டிவந்த காரின் சொந்தக்காரரான ஜெர்மன் மெக்கானிக்கே அதை ஓட்டி வென்றார். அன்று மாலை காரையும் கோப்பையையும் வீட்டுக்குக் கொண்டுவந்தார். அப்பா கோப்பையை என்னிடம் தந்துவிட்டு, காரின் நெளிவுகளைத் தடவிப் பார்த்தார்.

"இடப்பக்கம் இவ்வளவு அடி வாங்கியிருக்கத் தேவையில்லை" என்றார்.

விசா கிடைத்தபோது, இடுப்பு வலியால் அவர் பந்தயத்தை விட்டிருந்தார்.

இப்போது அதே பலகை தெரிந்தது. அப்பா ஏதோ கலியாணவீட்டுக் கதை சொல்லிக்கொண்டிருந்தார். கதை நிற்கவில்லை. அவருடைய வலது கால் மட்டும், அங்கே இல்லாத பிரேக்கை மிதித்தது.